தந்தி மறைந்தது, தந்திச் சட்டம் மறையவில்லை

2013-ஆம் ஆண்டு ஜூலை 14-ஆம் நாள் இரவோடு இந்தியாவில் தந்திச் சேவை முடிவுக்கு வந்தது. கடைசித் தந்தியை அனுப்புவதற்காக மக்கள் வரிசையில் நின்ற படங்களை மறுநாள் நாளிதழ்களில் பார்த்தோம். அடுத்த பத்தாண்டுகளில், 1885-ஆம் ஆண்டின் இந்தியத் தந்திச் சட்டத்தையும் நீக்குவதற்கு 2023-ஆம் ஆண்டின் தொலைத்தொடர்புச் சட்டம் வழிசெய்தது. ஆனால், அந்த நீக்கத்துக்கு ஒரு விதிவிலக்கு உண்டு. பழைய சட்டத்தின் மூன்றாம் பாகம் மட்டும், மின்தொடர்கள் அமைக்கும் பணிகளுக்குத் தொடர்ந்து பொருந்தும் என்று புதிய சட்டமே சொல்கிறது. தந்தி இல்லை, தந்திக் கம்பம் இல்லை, ஆனால் தனியார் நிலத்தில் தந்திக் கம்பம் நடுவதற்கு விக்டோரியா மகாராணியின் காலத்தில் எழுதப்பட்ட பிரிவுகள், இன்று நம் தோட்டங்களின் மீது உயரழுத்த மின்கோபுரங்களைக் கொண்டுவந்து நிறுத்துகின்றன.

மேற்கு மாவட்டம் ஒன்றின் நீதிமன்றத்தில் இருபது ஆண்டுகளுக்கும் மேலாக வழக்குரைஞராக இருப்பவன் நான். மின்கோபுர வழக்குகளில் உழவர்கள் பக்கம் பலமுறை நின்றிருக்கிறேன். சிலவற்றில் வென்றிருக்கிறேன், பலவற்றில் தோற்றிருக்கிறேன். தோற்றவற்றுள் ஒன்றில் என் பிழையும் கலந்திருந்தது. அதைப் பின்னர் சொல்கிறேன். இந்த வழக்குகள் எங்கே தொடங்குகின்றன, எங்கே திசைமாறுகின்றன என்பதை நிலம் உள்ள எவரும், நிலத்தோடு தொடர்பில்லாத நகரவாசிகளும்கூட, அறிந்திருப்பது நல்லது.

மின்தொடர் அமைப்பதற்குச் சட்டத்தில் இரண்டு வாயில்கள் உண்டு. இது இன்று நேற்று வந்த ஏற்பாடு அன்று. 1910-ஆம் ஆண்டின் இந்திய மின்சாரச் சட்டத்திலேயே இருந்தது. அதன் 12-ஆம் பிரிவு, நில உரிமையாளரின் இசைவு பெற வேண்டும் என்றது. 51-ஆம் பிரிவோ, தந்தி அதிகாரிக்கு உள்ள அதிகாரங்களை மின் நிறுவனத்துக்கு அரசு வழங்கலாம் என்றது. 2003-ஆம் ஆண்டின் மின்சாரச் சட்டமும் அப்படியே தொடர்ந்தது. அதன் 67-ஆம் பிரிவின்கீழ் 2006-இல் வகுக்கப்பட்ட உரிமதாரர் பணிகள் விதிகள், உரிமையாளரின் முன் இசைவு வேண்டும் என்கின்றன. அவர் மறுத்தால் மாவட்ட நடுவர், அதாவது மாவட்ட ஆட்சியர், அனுமதிக்க வேண்டும். இது முதல் வாயில். 164-ஆம் பிரிவின்கீழ் அரசு எழுத்து மூலம் ஆணை பிறப்பித்து, தந்திச் சட்ட அதிகாரங்களை ஒரு நிறுவனத்துக்கு வழங்கினால், அது இரண்டாம் வாயில். இதில் இசைவு என்ற பேச்சுக்கே இடமில்லை. பெரிய மின்தொடர்களில் பெரும்பாலானவை இந்த இரண்டாம் வாயில் வழியாகத்தான் வருகின்றன.

அந்த வாயிலுக்குள் என்ன இருக்கிறது? தந்திச் சட்டத்தின் 10-ஆம் பிரிவு நான்கு செய்திகளைச் சொல்கிறது. அவற்றுள் இரண்டுதான் நமக்கு முக்கியம். ஒன்று, தொடர் செல்லும் நிலத்தில் அரசுக்குப் பயன்பாட்டு உரிமை மட்டுமே கிடைக்கும். வேறெந்த உரிமையும் கிடைக்காது. மற்றொன்று, இயன்ற அளவு குறைந்த சேதமே விளைவிக்க வேண்டும்; விளைந்த சேதம் அனைத்துக்கும் முழு இழப்பீடு தர வேண்டும்.

படிப்பதற்கு நியாயமாகத்தான் இருக்கிறது. 1885-இல் அது நியாயமாகவே இருந்திருக்கவும் கூடும். வரப்போரத்தில் ஒரு கம்பம். அதன் மேல் விரல் பருமன்கூட இல்லாத ஒரு கம்பி. அதன் கீழே நெல் விளையும், மாடு மேயும், குடிசையும் இருக்கும். கம்பம் நட்டபோது மிதிபட்ட பயிருக்கு நாலணா கொடுத்தால் கணக்குத் தீர்ந்தது. நிலம் உங்களுடையது, பயன்பாடு மட்டும் எங்களுடையது என்ற சொற்களுக்கு அப்போது பொருள் இருந்தது.

இன்று 220 கிலோவோல்ட் தொடருக்கு 35 மீட்டர் அகல வழித்தடம் வேண்டும். 400 கிலோவோல்ட்டுக்கு 46 மீட்டர். 765 கிலோவோல்ட் இரட்டைச் சுற்றுத் தொடருக்கு 67 மீட்டர். 800 கிலோவோல்ட் நேர்மின் தொடருக்கு 69 மீட்டர். இந்த எண்களை நீதிமன்றத்தில் சொன்னால் யார் முகத்திலும் எந்த மாற்றமும் தெரியாது. ஆகவே, நான் வேறு விதமாகச் சொல்வது வழக்கம். சதுரமான ஓர் ஏக்கர் நிலத்தின் ஒரு பக்கம் ஏறத்தாழ 63.6 மீட்டர். 400 கிலோவோல்ட் தொடர் அதன் நடுவே நேராகச் சென்றால், ஏக்கரில் 72 சென்ட் வழித்தடத்துக்குள் போய்விடும். 765 கிலோவோல்ட் தொடர் என்றால் ஒரு சென்ட்கூட மிஞ்சாது; பக்கத்து நிலத்திலும் சிறிது எடுத்துக்கொள்ளும்.

அந்த 72 சென்ட்டில் வீடு கட்ட முடியாது. கோழிப்பண்ணைக் கொட்டகை போட முடியாது. உயரமாக வளரும் மரம் எதையும் வைக்க முடியாது. தென்னை இருந்தால் வெட்டியாக வேண்டும். ஆழ்துளைக் கிணறு தோண்டும் வண்டி அதன் கோபுரத்தை நிமிர்த்த முடியாது. வேலிக் கம்பியில் மின் தூண்டல் ஏற்படும் என்பதால் அதற்கு நிலத்தொடர்பு கொடுக்க வேண்டும். விற்கப் போனால், வாங்க வருபவர் முதலில் மேலே பார்க்கிறார். அடமானம் வைக்கப் போனால், வங்கியின் மதிப்பீட்டாளரும் மேலேதான் பார்க்கிறார். ஆனால், பட்டா மட்டும் உங்கள் பெயரில் இருக்கிறது. நிலவரியும் உங்கள் பெயரில்தான் வருகிறது.

நிலம் கையகப்படுத்தப்படவில்லை என்பதே இங்குள்ள முதன்மையான சட்டக் கற்பனை. கையகப்படுத்தினால், 2013-ஆம் ஆண்டின் நிலமெடுப்புச் சட்டப்படி சந்தை மதிப்பின் மடங்கும், அதற்கு நிகரான ஆறுதல் தொகையும் தர வேண்டியிருக்கும். பயன்பாட்டு உரிமை மட்டுமே என்று சொல்லிவிட்டால், அந்தச் சட்டத்தின் எல்லைக்குள் வரவே தேவையில்லை. எரிவாயுக் குழாய்களுக்கும் இதே தர்க்கம்தான். 1962-ஆம் ஆண்டின் குழாய்ப்பாதைச் சட்டம், பயன்பாட்டு உரிமைக்காக நில மதிப்பில் பத்தில் ஒரு பங்கைத் தருகிறது. கெயில் குழாய் நம் ஏழு மேற்கு மாவட்டங்களின் வயல்கள் வழியே செல்வதைத் தடுக்கத் தமிழக அரசே முயன்றும், 2016 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றம் அதை ஏற்கவில்லை. குழாயாவது மண்ணுக்குள் மறைந்து கிடக்கிறது.

சொத்துரிமை அடிப்படை உரிமையாயிற்றே, இசைவில்லாமல் எப்படி நுழையலாம் என்று இப்போதும் என்னிடம் கேட்பவர்கள் உண்டு. 44-ஆவது அரசியலமைப்புத் திருத்தத்துக்குப் பின் அது அடிப்படை உரிமை அன்று. 300அ பிரிவின்கீழ், சட்டத்தின் அதிகாரமின்றிப் பறிக்கப்படக் கூடாத உரிமை மட்டுமே. தந்திச் சட்டம் அந்த அதிகாரத்தைத் தருகிறது. 164-ஆம் பிரிவின் ஆணை இருக்கும்போது உரிமையாளரின் இசைவு தேவையில்லை என்பதை, பவர்கிரிட் நிறுவனத்துக்கும் செஞ்சுரி டெக்ஸ்டைல்ஸ் நிறுவனத்துக்கும் இடையிலான வழக்கில் உச்ச நீதிமன்றம் 2016-இல் ஐயத்துக்கு இடமின்றிச் சொல்லிவிட்டது. அங்கே எதிர்த்து நின்றவர் இரண்டு ஏக்கர் உழவர் அல்லர். சத்தீஸ்கரில் சுண்ணாம்புக்கல் சுரங்கக் குத்தகை வைத்திருந்த பெரிய நிறுவனம். சிறந்த வழக்குரைஞர்களை அமர்த்தும் வசதி படைத்த நிறுவனமே நிறுத்த முடியாத கோபுரத்தை, நீதிப்பேராணை மனு ஒன்றால் நிறுத்திவிடலாம் என்று உழவரிடம் சொல்பவர், சட்டம் அறியாதவராக இருக்க வேண்டும். அல்லது கட்டணத்தை மட்டும் அறிந்தவராக இருக்க வேண்டும்.

எதிர்ப்பவரிடம் எஞ்சியிருப்பது 16-ஆம் பிரிவு. நிலத்துக்குள் நுழைவதை ஒருவர் தடுத்தால், மின் நிறுவனம் மாவட்ட ஆட்சியரிடம் செல்ல வேண்டும். ஆட்சியர் தம் விருப்புரிமைப்படி அனுமதி ஆணை பிறப்பிக்கலாம். ஆணைக்குப் பிறகும் தடுத்தால் அது குற்றம். தடுக்கப்பட்ட பிறகும் ஆட்சியரின் ஆணையின்றி, காவல் துறையினரை அழைத்துக்கொண்டு நேராக வயலில் இறங்குவது முறையன்று. நடைமுறையில் பல இடங்களில் இது நடந்திருக்கிறது. அத்தகைய தருணத்தில் நீதிமன்றத்தை நாடினால் பயன் உண்டு. ஆனால், கிடைப்பது அவகாசம், விடுதலை அன்று. ஆட்சியர் விசாரித்துச் சில வாரங்களில் ஆணையிடுவார். கோபுரம் வரும்.

2018-ஆம் ஆண்டின் இறுதியில் கொங்கு மாவட்டங்களில் உழவர்கள் உண்ணாநிலை இருந்து போராடியதன் பின்னணி இதுதான். சத்தீஸ்கரின் ராய்கரிலிருந்து நம் புகளூர் வரை 6,000 மெகாவாட் மின்சாரத்தைக் கொண்டுவரும் 800 கிலோவோல்ட் நேர்மின் தொடரும், அதிலிருந்து கிளைக்கும் பிற தொடர்களும் அப்போது தோட்டங்களுக்குள் வந்துகொண்டிருந்தன. சட்டப்படி நிறுத்த முடியாது என்பதை அனுபவத்தால் உணர்ந்தவர்கள் பந்தலில் அமர்ந்தார்கள். அவர்களுடைய கோரிக்கைகள் இரண்டு. சாலையோரமாக நிலத்தடிக் கேபிளாகக் கொண்டு செல்லுங்கள் என்பது ஒன்று. அது முடியாவிட்டால், கைப்பேசிக் கோபுரத்துக்குத் தருவதுபோல ஆண்டு வாடகை தாருங்கள் என்பது மற்றொன்று.

முதல் கோரிக்கையை முற்றிலும் நடைமுறைக்கு ஒவ்வாதது என்று தள்ளிவிட முடியாது. புகளூரிலிருந்து திருச்சூர் செல்லும் 320 கிலோவோல்ட் நேர்மின் தொடர், 2021 பிப்ரவரியில் தொடங்கி வைக்கப்பட்டது. அது தமிழகத்தில் கோபுரங்களின் மீது செல்கிறது. கேரளத்துக்குள் ஒரு பகுதியில் நிலத்தடிக் கேபிளாகச் செல்கிறது. அதே திட்டம், அதே நிறுவனம். கேரளத்தில் வீடுகள் நெருங்கியிருப்பதும் நிலம் கிடைப்பது அரிதாக இருப்பதும் காரணம் என்பார்கள். அது உண்மையே. அதேவேளையில், 800 கிலோவோல்ட் தொடரை ஆயிரத்து எழுநூறு கிலோமீட்டருக்கும் மேலாக நிலத்தடியில் கொண்டுவரச் சொல்வது செலவிலும் தொழில்நுட்பத்திலும் ஏற்கத்தக்கதன்று என்பதையும் ஒப்புக்கொள்ள வேண்டும். என் கட்சிக்காரர்கள் சிலருக்கு இது பிடிக்காது. ஆனால், எல்லா இடங்களிலும் முடியாது என்பது எந்த இடத்திலும் முடியாது என்றாகிவிடாது.

இரண்டாவது கோரிக்கை எனக்கு இன்னும் நியாயமாகப் படுகிறது. பிரிட்டனில் மின்பாதைக்கு இடம் தரும் நில உரிமையாளருக்கு ஆண்டுதோறும் தொகை வழங்கும் முறை இருக்கிறது. தொடரை அகற்றும்படி அவர் அறிவிப்புக் கொடுக்கவும் வழி உண்டு. நிறுவனம் மறுத்தால், அரசின் சார்பில் விசாரணை நடந்து முடிவெடுக்கப்படும். தந்திச் சட்டத்தை நமக்கு எழுதிக் கொடுத்தவர்களின் நாட்டில் நிலைமை இது.

சரி, இழப்பீட்டுக்கு வருவோம். நிறுத்த முடியாத இடத்தில் வழக்கின் உயிர் இழப்பீட்டில்தான் இருக்கிறது. ‘சேதம் அனைத்துக்கும் முழு இழப்பீடு’ என்ற தொடரில் ‘சேதம்’ என்ற சொல்லுக்கு என்ன பொருள்? வெட்டிய மரமும் மிதித்த பயிரும் மட்டுமா? நிலத்தின் மதிப்பு குறைந்துபோவதும் அடங்குமா? பல்லாண்டுகள் மின் நிறுவனங்கள் முதல் பொருளையே கொண்டன. கேரள மின்வாரியத்துக்கும் லிவிஷா என்பவருக்கும் இடையிலான வழக்கில், 2007-இல் உச்ச நீதிமன்றம் இரண்டாம் பொருளுக்கு வழிதிறந்தது. நிலம் எங்கே அமைந்திருக்கிறது, கம்பி ஓரமாகச் செல்கிறதா, நடுவே செல்கிறதா, எவ்வளவு பரப்பின் மீது செல்கிறது, நிலத்தின் மதிப்பு என்ன என்பவை அனைத்தையும் கணக்கில் கொள்ள வேண்டும் என்றது அந்தத் தீர்ப்பு. எந்தப் பயனுக்காக ஒரு நிலம் இருக்கிறதோ, அந்தப் பயனையே உரிமையாளர் இழந்துவிடவும் கூடும் என்பதையும் அது ஏற்றுக்கொண்டது. எல்லாவற்றுக்கும் ஒரே வாய்பாடு பொருந்தாது என்பதே அதன் சாரம். எந்த மாவட்ட நீதிமன்றத்திலும் உழவரின் கையில் இருக்கக்கூடிய வலுவான ஆயுதம் இன்றும் இதுவே.

அதன் பிறகு, 2015 அக்டோபரில் ஒன்றிய மின் அமைச்சகம் வழிகாட்டுதல்களை வெளியிட்டது. கோபுரத்தின் அடிப்பரப்புக்கு நில மதிப்பில் 85 விழுக்காடு. கம்பி செல்லும் வழித்தடத்துக்கு அதிகபட்சம் 15 விழுக்காடு. 2024 ஜூனில் இவை முறையே 200 விழுக்காடாகவும் 30 விழுக்காடாகவும் உயர்ந்தன. 2025 மார்ச்சில் வந்த கூடுதல் வழிகாட்டுதலின்படி, வழித்தடத்துக்கான தொகை ஊரகப் பகுதியில் 30, நகராட்சி போன்ற பகுதிகளில் 45, மாநகராட்சிப் பகுதிகளில் 60 விழுக்காடு.

200 விழுக்காடு என்று செய்தித்தாளில் படிக்கும்போது பெரிதாகத் தோன்றும். கணக்குப் போட்டுப் பார்ப்போம். நாலுகால் கோபுரம் ஒன்றின் அடிப்பரப்பு பத்துக்குப் பத்து மீட்டர் என்று கொள்வோம். அது சுமார் இரண்டரை சென்ட். ஏக்கர் 20 லட்சம் ரூபாய் மதிப்புள்ள நிலத்தில் அதன் மதிப்பு ஐம்பதாயிரத்தைத் தொடாது. இருமடங்கு தந்தாலும் ஒரு லட்சத்துக்குள்தான் வரும். உண்மையான இழப்பு அந்த 72 சென்ட்டில் இருக்கிறது. அதன் மதிப்பு சுமார் 14.4 லட்சம். பழைய விகிதத்தில் கிடைப்பது அதிகபட்சம் 2.16 லட்சம், புதிய விகிதத்தில் 4.32 லட்சம். தென்னந்தோப்பாக இருந்தது இனி ஒருபோதும் தென்னந்தோப்பாக இருக்க முடியாது என்பதற்கான விலை இது. மரங்களுக்கான தொகை தனி.

நில மதிப்பு எந்த அடிப்படையில் என்ற கேள்வி அடுத்து எழுகிறது. பத்திரப் பதிவுக்கான வழிகாட்டி மதிப்பை எடுத்துக்கொள்வதே அலுவலர்களுக்கு எளிது. தமிழகத்தில் 2017 ஜூனில் வழிகாட்டி மதிப்பு 33 விழுக்காடு குறைக்கப்பட்டது. நிலம் வாங்குபவர்கள் மகிழ்ந்தார்கள். அதே ஆண்டுகளில் யாருடைய நிலத்தின் மீது கம்பி இழுக்கப்பட்டதோ, அவர்களுடைய இழப்பீட்டின் அடிப்படையும் அதனோடு சேர்ந்து இறங்கியது. வழிகாட்டி மதிப்பைத் தாண்டிச் சந்தை மதிப்பை நிறுவ வேண்டுமானால், அக்கம்பக்கத்துக் கிரயப் பத்திரங்களை நீதிமன்றத்தில் காட்ட வேண்டும். ஆனால், பத்திரத்தில் குறைத்து எழுதி முத்திரைத்தாளை மிச்சப்படுத்தும் நம் வழக்கம், இங்கேதான் நம் மீதே திரும்பிப் பாய்கிறது. எதிர்த்தரப்பு வழக்குரைஞர் அதே பத்திரத்தை எடுத்து, “இவ்வளவுதானே விலை?” என்று கேட்கும்போது பதில் சொல்வது கடினம்.

மேலும், இவை வழிகாட்டுதல்கள் மட்டுமே, சட்டம் அல்ல. கொடுக்கப்பட்ட தொகை போதாது என்று கருதுபவர், தந்திச் சட்டத்தின் 16-ஆம் பிரிவின் மூன்றாம் உட்பிரிவின்கீழ் மாவட்ட நீதிபதியிடம் மனு செய்யலாம். இந்த உரிமை உண்டு என்பதையே மின் நிறுவனங்களின் அறிவிப்புகள் பல சொல்வதில்லை. காசோலையை வாங்கிக்கொண்டு கையெழுத்திட்டதோடு எல்லாம் முடிந்தது என்று உழவர் நினைத்துவிடுகிறார். முடியவில்லை. எதிர்ப்பைத் தெரிவித்துத் தொகையைப் பெற்றுக்கொண்டு, மிகுதிக்காக மனு செய்யலாம்.

ஆனால், ஒரு கெடு இருக்கிறது. என் பிழை அங்கேதான் நேர்ந்தது.

2010-இல் பெரியவர் ஒருவர் என்னிடம் வந்தார். மூன்று ஏக்கர் தென்னந்தோப்பு. நடுவே கம்பி இழுக்கப்பட்டு, நூற்றுக்கும் மேற்பட்ட மரங்கள் சாய்க்கப்பட்டிருந்தன. கோபத்தைவிட அவமானமே அவரிடம் மிகுதியாக இருந்தது. “காசு வேண்டாங்க வக்கீல் தம்பி. அந்தக் கம்பிய எடுக்கச் சொல்லி ஒரு ஆர்டர் வாங்கிக் குடுங்க போதும்” என்றார். நான் அவருக்காக உயர் நீதிமன்றத்தில் நீதிப்பேராணை மனு போட ஏற்பாடு செய்தேன். மனுவின் வரைவை எழுதியவனும் நானே. அறிவிப்புக் குறைபாடு, ஆட்சியரின் ஆணை இல்லாமை என்று காரணங்கள் வலுவாகவே இருப்பதாக எனக்குத் தோன்றியது. மனு நிலுவையில் கிடந்தது. நான்கு ஆண்டுகளுக்குப் பிறகு, தொடர் இயங்கத் தொடங்கிவிட்டதால் அகற்ற ஆணையிட முடியாது, இழப்பீடு கோரி உரிய மன்றத்தை அணுகலாம் என்று மனு முடித்துவைக்கப்பட்டது.

உரிய மன்றத்தை அணுகினோம். எதிர்த்தரப்பு ஒரே ஒரு தீர்ப்பை எடுத்து நீட்டியது. கேரள மின்வாரியத்துக்கும் குஞ்ஞாலியும்மா என்பவருக்கும் இடையிலான வழக்கில், 1976-இல் உச்ச நீதிமன்றம் வழங்கியது அது. மின்தொடருக்காக மரங்கள் வெட்டப்பட்டு, இழப்பீடு போதாது என்று தொடரப்பட்ட வழக்குதான் அதுவும். தந்திச் சட்டம் இத்தகைய மனுவுக்குக் கால எல்லை எதையும் சொல்லாவிட்டாலும், காலவரையறைச் சட்டத்தின் 137-ஆவது கூறு பொருந்தும், உரிமை எழுந்த நாளிலிருந்து மூன்று ஆண்டுகளுக்குள் மனு செய்ய வேண்டும் என்று அந்தத் தீர்ப்பு சொன்னது. எங்களுக்கு மூன்று ஆண்டு 2013-லேயே முடிந்திருந்தது.

வேறொரு மன்றத்தில் நல்லெண்ணத்தோடு வழக்காடிய காலத்தைக் கழித்துக்கொள்ள, அதே சட்டத்தின் 14-ஆம் பிரிவு இடம் தருகிறது. அதைப் பற்றிக்கொண்டு வாதிட்டேன். உயர் நீதிமன்றத்தில் கேட்டது கம்பியை அகற்றும் பரிகாரம், இங்கே கேட்பது பணம், இரண்டும் ஒன்றல்ல என்று மனு தள்ளுபடியானது. மாவட்ட நீதிபதியின் முடிவே இறுதியானது என்று தந்திச் சட்டம் சொல்வதால் மேல்முறையீடு கிடையாது. உயர் நீதிமன்றத்தின் மேற்பார்வை அதிகாரத்தை நாடிச் சென்று அங்கும் வெற்றி பெறவில்லை. வேலிக்கு அப்பால் இருந்த தோட்டத்துக்காரர், அதே கம்பி, அதே ஆண்டு, வழக்குக் கிழக்கு ஒன்றும் வேண்டாம் என்று ஒதுங்கியிருந்துவிட்டு, இரண்டாம் ஆண்டில் வேறொரு வழக்குரைஞர் சொல்லக் கேட்டு மாவட்ட நீதிமன்றத்தில் மனு போட்டார். மின் நிறுவனம் கொடுத்ததைப்போல இரண்டரை மடங்கு அவருக்குக் கிடைத்தது.

கம்பியை எதிர்த்து மனு போட்ட அன்றே, இழப்பீட்டு மனுவையும் நான் தாக்கல் செய்திருக்க வேண்டும். ஒன்று மற்றொன்றுக்குத் தடையாக இருந்திருக்காது. பெரியவர் காசு வேண்டாம் என்றார்தான். வேண்டாம் என்பவருக்கும் கெடு ஓடிக்கொண்டிருக்கிறது என்பதை எடுத்துச் சொல்ல வேண்டியவன் நான்.

பெரிய கோபுரங்களைப் பற்றியே பேசிக்கொண்டிருந்தாலும், நம் கீழமை நீதிமன்றங்களுக்கு வரும் வழக்குகளில் கணிசமானவை சிறிய கம்பங்களைப் பற்றியவை. அண்ணன் கிணற்றுக்கு மின் இணைப்பு, கம்பி தம்பி காட்டின் மீது போக வேண்டும், தம்பி மறுக்கிறார். இணைப்புக் கேட்பவரே இடைப்பட்ட நிலத்துக்காரரிடம் வழியுரிமையைப் பெற்றுத் தர வேண்டும் என்பதே பொதுவிதி. தர மறுத்தால் கோப்பு ஆட்சியர் அலுவலகம் போகும். இவற்றில் சட்டச் சிக்கல் குறைவு. பாகப்பிரிவினையின் பழைய காயங்களே அதிகம். வரப்போரமாகக் கம்பத்தைத் தள்ளி நட்டால் முடிந்துபோகும் விவகாரம், பத்தாண்டுகள் நடப்பதைப் பார்த்திருக்கிறேன்.

தள்ளி நடுவதற்கும் சட்டத்தில் வழி உண்டு என்பதைப் பலர் அறிவதில்லை. நிலத்தை வேறு விதமாகப் பயன்படுத்த விரும்பும் உரிமையாளர், தம் நிலத்துக்குள்ளேயே வேறோர் இடத்துக்கோ, உயர்ந்த அல்லது தாழ்ந்த மட்டத்துக்கோ தொடரை மாற்றும்படி கேட்கத் தந்திச் சட்டத்தின் 17-ஆம் பிரிவு இடம் தருகிறது. முன்பே இழப்பீடு பெற்றிருந்தால், மாற்றுவதற்கான செலவு அல்லது பெற்ற இழப்பீட்டில் பாதி, இவற்றுள் எது குறைவோ அதைக் கட்ட வேண்டும். நிறுவனம் மறுத்தால் ஆட்சியரிடம் செல்லலாம். அவருடைய முடிவே இறுதி. சிறிய கம்பங்களுக்கு இது நன்றாகவே பயன்படும். ஐந்தாறு மாடி உயரத்துக்கு மேல் நிற்கும் இரும்புக் கோபுரத்தைச் சற்று நகர்த்துங்கள் என்று கேட்டால், எந்த ஆட்சியரும் சிரிக்காமல் இருப்பது அரிது. தந்திக் கம்பத்தை நினைத்து எழுதப்பட்ட பிரிவு அது.

மின்சாரம் வேண்டாம் என்று யாரும் சொல்லவில்லை. இலவச மின்சாரத்தில் மோட்டார் ஓட்டும் உழவர் நிச்சயமாகச் சொல்ல முடியாது. தென்மாவட்டங்களின் காற்றாலைகளிலும் சூரிய மின் பூங்காக்களிலும் உற்பத்தியாகும் மின்சாரம் நகரங்களுக்கு வந்து சேர இன்னும் பல தொடர்கள் தேவைப்படும். இந்த வழக்குகள் வருங்காலத்தில் பெருகுமே தவிரக் குறையா. ஆகவேதான், பிழை எங்கே இருக்கிறது என்பதைக் குறிப்பாகச் சொல்ல வேண்டியிருக்கிறது. வழித்தடம் வரைபடத்தில் கோடாக இருக்கும்போது, கோட்டின் கீழ் இருப்பவரை அழைத்துக் கேட்கும் கட்டாயம் சட்டத்தில் வலுவாக இல்லை. நாளிதழில் ஓர் அறிவிப்பு வரும். நெருக்கமான எழுத்தில் கிராமங்களின் பெயர்கள் நீளும். சர்வே எண்கள் இரா. அதைப் படித்துத் தம் தோப்பு அதில் இருக்கிறது என்று கண்டுகொள்ளும் உழவரை நான் இதுவரை சந்திக்கவில்லை. அவருக்குத் தெரியவரும்போது அடித்தளக் குழி தோண்டியாகிவிடும். அந்தக் கட்டத்தில் பத்து மீட்டர் விலக்குவதும் இயலாது. கோடாக இருந்தபோது கேட்டிருந்தால், வரப்போரமாகவோ புறம்போக்கின் மீதோ நகர்த்தியிருக்கக்கூடிய இடங்கள் பல உண்டு என்பதை மின்வாரியப் பொறியாளர்களே தனிப்பேச்சில் ஒப்புக்கொள்வார்கள்.

சர்வே எண்களோடு கிராம நிர்வாக அலுவலகத்திலும் ஊராட்சி அலுவலகத்திலும் வழித்தட வரைபடத்தை ஒட்டுவதற்கு, நாடாளுமன்றத்தில் புதிய சட்டம் இயற்றத் தேவையில்லை. 164-ஆம் பிரிவின் ஆணையிலேயே ஒரு நிபந்தனையாகச் சேர்த்துவிடலாம். முன்தொகை தராமல் மரத்தில் கை வைக்கக் கூடாது என்பதையும் அப்படியே சேர்க்கலாம். 16-ஆம் பிரிவின் முடிவுக்கு ஒரு மேல்முறையீடு தருவதற்கு மட்டும் சட்டத் திருத்தம் வேண்டும். 2023-இல் அதற்கு நல்ல வாய்ப்பு இருந்தது. 138 ஆண்டுப் பழைய சட்டத்தைப் பிரித்துப் போட்டு, புதிதாக எழுதிக்கொண்டிருந்த நேரம் அது. மின்தொடருக்கான பாகத்தை எடுத்து, தூசி தட்டாமல், அப்படியே திரும்ப வைத்துவிட்டார்கள்.

சென்ற மாதம், இளைஞர் ஒருவர் தம் தந்தையோடு அலுவலகம் வந்தார். ஊருக்குள் புதிய தொடருக்கான அளவெடுப்பு நடக்கிறதாம். கம்பியை நிறுத்த முடியுமா என்பதே அவருடைய முதல் கேள்வி. முடியாது என்றே சொன்னேன். பிறகு, புலப்படத்தையும் அடங்கலையும் வாங்கி வைக்கச் சொன்னேன். ஒவ்வொரு மரத்துக்கும் எண்ணிட்டு, தேதி தெரியும்படி படம் எடுத்து வைக்கவும், கிராம நிர்வாக அலுவலரிடம் மரங்களின் எண்ணிக்கைக்குச் சான்று பெறவும், வழித்தடத்தை வரப்புப் பக்கம் நகர்த்தக் கோரி மின் நிறுவனத்துக்கும் ஆட்சியருக்கும் இப்போதே பதிவு அஞ்சலில் மனு அனுப்பவும் சொன்னேன். கம்பி இழுக்கும் நாள் வந்தால், அன்றைய தேதியைக் குறித்துக்கொண்டு உடனே என்னிடம் வர வேண்டும் என்றேன். அவருடைய தந்தை மேசை மேலிருந்த நாட்காட்டியின் தாள் ஒன்றைக் கிழித்து, அதன் பின்புறத்தில் எல்லாவற்றையும் ஒவ்வொன்றாக எழுதிக்கொண்டார்.